எ ஃபூல் தேர் வாஸ் (மௌனப்படம், 1915)

'எ ஃபூல் தேர் வாஸ்' 1915 ஜனவரியில் அமெரிக்காவில் வெளிவந்த மௌனப்படம். தலைப்பை 'ஒரு மூடன் இருந்தான்' என்று தமிழில் சொல்லலாம். வில்லியம் ஃபாக்ஸ் தயாரிப்பில் ஃபிராங்க் பவல் இயக்கினார். செல்வாக்கும் குடும்பமும் உள்ள ஒருவன் ஒரு பெண்ணின் மயக்கில் விழுந்து எல்லாவற்றையும் இழப்பதே கதை. அப்பெண்ணாக நடித்த தீடா பாரா இந்த ஒரே படத்தால் பெரும்புகழ் அடைந்தார். ஆணை மயக்கி அழிப்பவள் என்ற பொருளில் 'வேம்ப்' என்னும் சொல் பொதுவழக்கில் பரவியதில் இப்படத்துக்குப் பெரும்பங்கு உண்டு. 2015-ல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இது சேர்க்கப்பட்டது.

'தீய பெண்ணின் கதை' என்றே இப்படம் பொதுவாக நினைவுகூரப்படுகிறது. ஆனால் கவனித்துப் பார்த்தால், படம் எழுத்தில் சொல்வதும் காட்சியில் காட்டுவதும் ஒன்றாக இல்லை. எழுத்து அட்டைகள் பெண்ணைக் குற்றம் சாட்டுகின்றன. காட்சிகளோ ஆணின் சம்மதத்தைப் பதிவுசெய்கின்றன. நூறாண்டு கடந்தும் இப்படத்தைப் பேசத்தக்கதாக வைத்திருப்பது இந்த முரண்தான்.

கருவின் தோற்றம்

இக்கதை திரைக்கு வருமுன் நான்கு வடிவங்களைக் கடந்து வந்தது. 1897-ல் லண்டனின் நியூ கேலரியில் ஃபிலிப் பர்ன்-ஜோன்ஸ் வரைந்த 'தி வேம்பயர்' என்ற ஓவியம் காட்சிக்கு வைக்கப்பட்டது. படுக்கையில் ஒருவன் நினைவற்றுக் கிடக்கிறான். ஒரு பெண் அவன்மேல் குனிந்து வெற்றிக்களிப்போடு பார்க்கிறாள். ஓவியரின் உறவினரான ருட்யார்ட் கிப்ளிங் இதற்கெனவே அதே தலைப்பில் ஒரு கவிதை எழுதினார். இருவரின் தாய்மாரும் உடன்பிறந்தவர்கள். 'ஜங்கிள் புக்' வழியாக இந்திய வாசகர்கள் அறிந்த அதே கிப்ளிங்தான். பிராம் ஸ்டோக்கரின் 'டிராகுலா' நாவல் வெளிவந்ததும் 1897-ல்தான்.

வேம்பயர் என்பது இரவில் எழுந்து வந்து மனித இரத்தத்தைக் குடிக்கும் பிணத்தைப் பற்றிய ஐரோப்பிய நம்பிக்கை. கிப்ளிங் அதை உருவகமாக்கினார். இங்கு உறிஞ்சப்படுவது இரத்தம் அல்ல. ஆணின் செல்வம், மானம், காலம். தன்னைப் பொருட்படுத்தாத ஒரு பெண்ணிடம் எல்லாவற்றையும் கொட்டிக் கொடுத்த மூடனைப் பற்றியது அக்கவிதை. படத்தின் தலைப்பு அதன் தொடக்கச் சொற்களிலிருந்து எடுக்கப்பட்டது.

1909-ல் போர்ட்டர் எமர்சன் பிரௌன் இக்கவிதையைக் கருவாகக் கொண்டு ஒரு நாடகம் எழுதினார். நியூயார்க்கின் பிராட்வேயில் ராபர்ட் ஹில்லியர்ட் முதன்மை வேடத்தில் நடிக்க அது மேடையேறியது. அதே ஆண்டில் பிரௌன் அதை நாவலாகவும் வெளியிட்டார். ஆக ஓவியம், கவிதை, நாடகம், நாவல், திரைப்படம் என்று 18 ஆண்டுகளில் ஒரே கரு ஐந்து வடிவங்களை எடுத்தது. ஐந்தையும் படைத்தவர்கள் ஆண்கள். ஆண் தன் வீழ்ச்சிக்குத் தானே எழுதிக்கொண்ட விளக்கம் இது என்பதைப் படத்தை மதிப்பிடும்போது மறக்கலாகாது.

திரையிலும் இக்கரு முற்றிலும் புதியதல்ல. 1913-ல் கேலம் நிறுவனத்துக்காக ராபர்ட் விக்னோலா இயக்கிய 'தி வேம்பயர்' படத்தில் ஆலிஸ் ஹாலிஸ்டர் இத்தகைய பெண்ணாக நடித்திருந்தார். எனவே 'முதல் வேம்ப் படம்' என்ற அடைமொழி எ ஃபூல் தேர் வாஸ் படத்துக்குப் பொருந்தாது. அவ்வகைப் பாத்திரத்தைப் பெரும் வணிக வெற்றியாக்கிய படம் என்பதே சரி.

கதைச்சுருக்கம்

ஜான் ஷைலர் (எட்வர்ட் ஜோஸே) செல்வம் மிக்க வழக்கறிஞன். மனைவி கேட் (மேபல் ஃப்ரென்யர்), சிறுமியான மகள் (ரூனா ஹாட்ஜஸ்) ஆகியோருடன் நிறைவாக வாழ்கிறான். அமெரிக்க அரசின் சிறப்புப் பிரதிநிதியாக இங்கிலாந்து செல்லும் வாய்ப்பு அவனுக்குக் கிடைக்கிறது. புறப்படும் நேரத்தில் கேட்டின் தங்கைக்கு விபத்தில் அடிபடுகிறது. அவளைக் கவனித்துக்கொள்ள மனைவியும் மகளும் தங்கிவிட, ஷைலர் தனியாகக் கப்பலேறுகிறான்.

படத்தில் 'வேம்பயர்' என்று மட்டுமே குறிக்கப்படும் பெண்ணும் (தீடா பாரா) அதே கப்பலில் வருகிறாள். முன்பு ஒருமுறை கேட் அவளை அலட்சியப்படுத்தியிருக்கிறாள். ஷைலரின் பயணம் பற்றிச் செய்தித்தாளில் படித்து, திட்டமிட்டே அவள் பயணச்சீட்டு வாங்குகிறாள். துறைமுகத்தில் அவளால் முன்பே சீரழிந்த ஒருவன் பிச்சைக்கார நிலையில் நிற்கிறான். அவளுடைய அப்போதைய காதலனான பார்மலி (விக்டர் பென்வா) கப்பலுக்கே துப்பாக்கியுடன் வருகிறான். அவளைச் சுடக் குறிவைத்தவன், அவள் சிரித்தபடி ரோஜாவால் துப்பாக்கியைத் தட்டிவிட்டதும் தன்னையே சுட்டுக்கொள்கிறான்.

அடுத்து ஷைலரை இத்தாலியில் காண்கிறோம். அவன் அவளுடைய அடிமைபோல் ஆகிவிட்டிருக்கிறான். செய்தி பரவுகிறது, அரசுப் பதவி பறிபோகிறது. நியூயார்க் திரும்பி அவளுடன் ஒரு மாளிகையில் வசிக்கிறான். குடிக்கு அடிமையாகிறான். நண்பன் டாம் (கிளிஃபோர்ட் புரூஸ்) வந்து அழைத்தும் பயனில்லை. மனைவி வருகிறாள், பிறகு மகளையும் அழைத்து வருகிறாள். குழந்தையைக் கண்டு ஷைலர் கலங்குகிறான். அந்நேரம் பார்த்து அவள் வந்து நிற்க, மறுபடியும் அவள் பக்கமே சாய்கிறான். இறுதிக் காட்சியில் வீழ்ந்து கிடப்பவன்மேல் அவள் பூவிதழ்களை உதிர்த்தபடி புன்னகைக்கிறாள்.

காட்டாமல் விட்ட காட்சி

கதை முழுவதும் ஒரு மயக்கத்தைப் பற்றியது. ஆனால் ஷைலர் மயங்கிய விதத்தைப் படம் காட்டவில்லை. கப்பல் புறப்படும்போது அவன் அன்பான கணவன். இத்தாலிக் காட்சியில் அவன் அவள் மடியில் கிடக்கிறான். இடையில் இருப்பது காலம் கடந்துவிட்டதைச் சொல்லும் ஓர் எழுத்து அட்டை மட்டுமே. அவன் எப்போது தயங்கினான், வீட்டை நினைத்தானா, எந்த நொடியில் முடிவெடுத்தான் என்பவற்றுக்கெல்லாம் விடையில்லை.

திரைக்கதையின் அவசரம் என்று இதைக் கடந்துபோகலாம். ஆனால் இந்த இடைவெளி படத்தின் வாதத்துக்கு மிகவும் பயன்படுகிறது. ஷைலர் ஒவ்வொரு படியாகத் தானே இறங்குவதைக் காட்டியிருந்தால், பார்வையாளர் அவனைப் பொறுப்பாளியாகக் கண்டிருப்பார்கள். அந்தப் படிகளை மறைத்துவிட்டதால் நோய் தொற்றியதுபோலவோ சூனியம் வைத்ததுபோலவோ அவன் வீழ்ச்சி தோன்றுகிறது. மயக்கியவளுக்கு மாய ஆற்றல் இருந்தாக வேண்டும் என்று பார்ப்பவர்களே எண்ணிக்கொள்கிறார்கள்.

படம் காட்டும் பகுதிகளில் நிலைமை வேறு. அவள் எவரையும் கட்டிப்போடுவதில்லை. மிரட்டுவதில்லை, பொய் வாக்குறுதி தருவதும் இல்லை. பெரும்பாலும் நிற்கிறாள், பார்க்கிறாள், சிரிக்கிறாள். பார்மலியின் துப்பாக்கிக்கு எதிராக அவளிடம் இருப்பது ஒரு பூ மட்டுமே. துப்பாக்கியும் அரசுப் பதவியும் பணமும் ஆண்களிடம்தான் இருக்கின்றன. கதவு திறந்தே இருக்கும் வீட்டிலிருந்து ஷைலர் வெளியேறாமல் இருப்பதை ஒளிப்படக்கருவி அசையாமல் பதிவுசெய்கிறது.

நியூயார்க் தெருக் காட்சி இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. மனைவியும் மகளும் வரும் காரும், ஷைலரும் அவளும் வரும் காரும் எதிர்பாராமல் அருகருகே வருகின்றன. சிறுமி தந்தையைக் கண்டு கூப்பிடுகிறாள். அவன் முகத்தைத் திருப்பிக்கொள்கிறான். அந்த நொடியில் வேம்பயர் எதுவுமே செய்யவில்லை. குழந்தைக்குப் பதில் சொல்லாமல் போவது அவன் மட்டுமே செய்த செயல். படத்திலேயே மனத்தை மிகவும் தொடுவது இக்காட்சி. காரணம், இங்கு பழியை வேறொருவர்மேல் போட இடமில்லை.

பெயர் இல்லாத பெண்

படத்தில் ஷைலருக்கும் கேட்டுக்கும் டாமுக்கும் பெயர் உண்டு. சில நிமிடங்களில் இறந்துவிடும் பார்மலிக்கும் பெயர் உண்டு. மையப் பாத்திரமான பெண்ணுக்கு மட்டும் பெயர் இல்லை. ஊர், உறவு, கடந்தகாலம் எதுவும் இல்லை. அவளுடைய செயலுக்குப் படம் தரும் ஒரே காரணம், கேட் தன்னை மதிக்கவில்லை என்ற கோபம். அதுவும் ஒரு சிறு காட்சியோடு முடிந்துவிடுகிறது.

ஆனால் அந்தச் சிறு காட்சி முக்கியமானது. மதிப்புக்குரிய குடும்பப் பெண், மதிப்பற்றவள் என்று கருதும் இன்னொரு பெண்ணோடு பேச மறுக்கிறாள். இருவருக்கும் நடுவே சமூகம் கிழித்த கோடு அங்கு தெரிகிறது. ஆண்கள் அந்தக் கோட்டை இருபுறமும் கடக்கலாம். துறைமுகத்துப் பிச்சைக்காரனும் பார்மலியும் அவளோடு வாழ்ந்த காலத்தில் எந்த வீட்டு வாசலும் அவர்களுக்கு மூடியிருந்ததாகப் படம் காட்டவில்லை. இதை வளர்த்தெடுத்திருந்தால் படம் வேறொரு தளத்துக்குச் சென்றிருக்கும். இயக்குநர் இதைக் கதையை நகர்த்தும் விசையாக மட்டும் பயன்படுத்திவிட்டு விட்டுவிடுகிறார்.

படத்துக்குள்ளேயே ஒரு மறுகுரலும் ஒலிக்கிறது. கேட் பொறுமையாகக் காத்திருக்க வேண்டுமா, விலகிவிட வேண்டுமா என்ற பேச்சு வரும்போது, அவளுடைய தங்கை (மே அலிசன்) டாமிடம் சீறுகிறாள். ஆண்கள் ஒருவர் பாவத்தை ஒருவர் மறைத்துக்கொள்கிறீர்கள், தவறியவள் பெண்ணாக இருந்தால் எவ்வளவு விரைவாகத் தீர்ப்பு சொல்வீர்கள் என்பது அவள் பேச்சின் சாரம். அமெரிக்காவில் பெண்களுக்கு நாடு முழுவதும் வாக்குரிமை கிடைத்தது 1920-ல். அதற்காகப் போராட்டம் நடந்துகொண்டிருந்த நாட்களில் வந்த இந்த வசனம் அன்றைய பார்வையாளர்களுக்கு அந்நியமாக ஒலித்திருக்காது. படம் அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாமல் நகர்ந்துவிடுகிறது. ஆனாலும் கேள்வி எழுத்து அட்டையில் பதிந்துவிட்டது. எழுத்து அட்டைகளில் பெண்ணைப் பழிக்காத ஒரே இடம் என்று இதைச் சொல்லலாம்.

படமாக்கமும் நடிப்பும்

படம் சுமார் 67 நிமிடம் ஓடுகிறது. கருவி பெரும்பாலும் ஓரிடத்தில் நிலைத்து நிற்கிறது. நடிகர்கள் மேடையில் வருவதுபோலச் சட்டகத்துக்குள் வந்து போகிறார்கள். அதே 1915-ல் வெளிவந்த கிரிஃபித்தின் 'தி பர்த் ஆஃப் எ நேஷன்' படத்தின் தொழில்நுட்ப வீச்சோடு ஒப்பிட்டால் இது பழைய பாணியிலேயே நிற்கிறது. கிப்ளிங்கின் வரிகள் எழுத்து அட்டைகளாக இடையிடையே வருவது காட்சிகளின் ஓட்டத்தைத் தடுக்கிறது. காட்சி சொல்லிவிட்டதை எழுத்து மறுபடி சொல்கிறது.

வெளிப்புறக் காட்சிகள் இப்படத்தின் பலம். வெயில் படும் தோட்டம், கப்பல் தளம், தெரு ஆகியவை உண்மையான இடங்களாகவே உணரவைக்கின்றன. வீட்டில் காத்திருக்கும் குடும்பத்தையும் வெளிநாட்டில் சுகித்திருக்கும் ஷைலரையும் மாறிமாறிக் காட்டும் தொகுப்பும் நன்றாக வேலைசெய்கிறது. பூக்களின் பயன்பாடு எளிமையானது, ஆனால் தெளிவானது. தொடக்கத்தில் அவள் ரோஜாவை முகர்ந்துவிட்டுக் கசக்கிப் போடுகிறாள். நடுவில் ரோஜாவால் துப்பாக்கியைத் தட்டுகிறாள். முடிவில் இதழ்களை உதிர்க்கிறாள். வசனம் இல்லாத ஊடகத்தில் ஒரு பாத்திரத்தைப் பொருள் ஒன்றின் வழியாக அடையாளப்படுத்தும் முறைக்கு இது நல்ல பாடம்.

எட்வர்ட் ஜோஸேயின் நடிப்பு பிற்பகுதியில் மிகையாகிறது. நரைத்த தலையும் குழிந்த கண்களுமாக அவர் படிக்கட்டில் தவழ்ந்து இறங்கும் காட்சி இன்றைய பார்வையாளருக்குச் சற்று நாடகத்தனமாகவே தெரியும். தீடா பாராவின் உடல்மொழி அவ்வளவு மிகையில்லை. அவர் அவசரப்படுவதில்லை. பிறர் பதறும்போது அசையாமல் இருக்கிறார். அந்த நிதானமே பாத்திரத்துக்கு ஆற்றலைத் தருகிறது.

தண்டனை இல்லாத முடிவு

வேம்பயருக்கு இறுதிவரை தண்டனை கிடைப்பதில்லை. மனம் திருந்துவதும் இல்லை. பிற்கால ஹாலிவுட்டில் இது நடந்திருக்காது. 1930-ல் வகுக்கப்பட்டு 1934 முதல் கண்டிப்பாக நடைமுறைக்கு வந்த தயாரிப்பு நெறிமுறை, தவறு செய்பவர் வெற்றிபெறுவதாகக் காட்டுவதை அனுமதிக்கவில்லை. 1915-ல் அத்தகைய கட்டுப்பாடு இல்லை.

நீதிபோதனை என்ற பெயரில் எடுக்கப்பட்ட படத்தில் இப்படி ஒரு முடிவு அமைந்ததன் விளைவு எதிர்பாராதது. மனைவி காத்திருக்கிறாள், அழுகிறாள், கெஞ்சுகிறாள். வேம்பயர் விரும்பிய இடத்துக்குப் போகிறாள், விரும்பியதைச் செய்கிறாள். எவரிடமும் அனுமதி கேட்பதில்லை. கண்டிக்கத்தக்கவளாக எழுதப்பட்டவளே திரையில் சுதந்திரமானவளாகவும் தோன்றுகிறாள். தன்னைக் காண வரும் பெண் ரசிகர்களைப் பற்றிப் பேசிய தீடா பாரா, தான் ஏற்கும் வேடம் பெண்களைச் சுரண்டுவோருக்கு எதிராகப் பெண்ணினம் தீர்த்துக்கொள்ளும் பழி என்ற கருத்தில் விளக்கம் அளித்ததுண்டு. படைத்தவர்கள் எண்ணாத பொருளை நடிகை தன் பாத்திரத்தில் கண்டிருக்கிறார்.

தீடா பாராவுக்கு நேர்ந்தது

படத்தின் கதை ஓர் ஆணின் வீழ்ச்சி. படத்துக்கு வெளியே அதன் விலையைக் கொடுத்தவர் அந்த நடிகை. அவருடைய இயற்பெயர் தியடோசியா பர் குட்மன். 1885-ல் ஒஹாயோ மாநிலத்தின் சின்சினாட்டியில் யூதக் குடும்பத்தில் பிறந்தார். தந்தை தையற்கலைஞர். சின்சினாட்டி பல்கலைக்கழகத்தில் 2 ஆண்டுகள் படித்தவர். நாடகங்களில் சிறு வேடங்களில் நடித்தவர். இப்படம் வந்தபோது அவருக்கு வயது 29.

ஃபாக்ஸின் விளம்பரப் பிரிவு இந்த வரலாற்றை மறைத்தது. எகிப்தில் ஸ்பிங்க்ஸ் சிலையின் நிழலில் பிறந்தவர், அமானுஷ்ய ஆற்றல் உள்ளவர் என்று கதை கட்டியது. அவர் பெயரின் ஆங்கில எழுத்துகளை மாற்றி அடுக்கினால் 'அரபு மரணம்' என்று வரும் எனப் பரப்பியது. உண்மையில் தீடா என்பது தியடோசியாவின் சுருக்கம். பாரா உறவினர் ஒருவரின் பெயரிலிருந்து எடுத்தது. எலும்புக்கூட்டின் அருகில் அவரை அமர்த்திப் படங்கள் எடுத்து வெளியிட்டது. திரையில் பெயரும் கடந்தகாலமும் இல்லாத பெண்ணாக நடித்தவரிடமிருந்து, வெளியிலும் அவருடைய பெயரும் கடந்தகாலமும் எடுக்கப்பட்டன.

அவர் வேறு வேடங்களை முயலாமல் இல்லை. 1916-ல் 'ஈஸ்ட் லின்' படத்தில் துயருறும் மனைவியாகவும், 'ரோமியோ அண்ட் ஜூலியட்' படத்தில் ஜூலியட்டாகவும் நடித்தார். ஆனால் நிறுவனம் அவரை மீண்டும் மீண்டும் மயக்குபவளாகவே காட்டியது. 1917-ல் 'கிளியோபாட்ரா', 1918-ல் 'சலோமே' ஆகியவை வந்தன. 1919-ல் ஃபாக்ஸுடனான ஒப்பந்தம் முடிந்தது. அதன்பின் திரை வாய்ப்புகள் அருகின. 1926-ல் ஹால் ரோச் தயாரித்த 'மேடம் மிஸ்டரி' என்ற நகைச்சுவைக் குறும்படத்தில் தன் பழைய பிம்பத்தையே கேலிசெய்து நடித்தார். பேசும் படம் எதிலும் அவர் நடிக்கவில்லை. 1955-ல் லாஸ் ஏஞ்சல்ஸில் காலமானார்.

எஞ்சிய படம்

தீடா பாரா சுமார் 40 படங்களில் நடித்தார். 1937-ல் நியூ ஜெர்சி மாநிலத்தின் லிட்டில் ஃபெர்ரியில் இருந்த ஃபாக்ஸ் படச்சுருள் கிடங்கு தீக்கிரையானது. அக்காலச் சுருள்கள் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் வகையைச் சேர்ந்தவை. அவருடைய படங்களில் பெரும்பாலானவை அதில் அழிந்தன. பெரும் பொருட்செலவில் எடுக்கப்பட்ட 'கிளியோபாட்ரா' படத்தில் சில துண்டுகளே எஞ்சியுள்ளன. விரல்விட்டு எண்ணத்தக்க படங்களே முழுமையாகக் கிடைக்கின்றன.

அவற்றுள் எ ஃபூல் தேர் வாஸ் ஒன்று. இதனால் ஒரு நடிகையின் முழு வாழ்க்கைப்பணியும் அவருடைய முதல் பெரிய வேடத்தைக் கொண்டே மதிப்பிடப்படுகிறது. 1922-ல் எஸ்டெல் டெய்லர், லூயிஸ் ஸ்டோன் நடிப்பில் இக்கதையை ஃபாக்ஸ் நிறுவனம் மீண்டும் எடுத்தது. ஆனால் இத்தலைப்பைக் கேட்டதும் நினைவுக்கு வருவது 1915-ன் படமும் தீடா பாராவின் முகமும்தான்.

மதிப்பீடு

தொழில்நுட்பத்தில் முன்னோடி என்றோ ஆழமான நாடகம் என்றோ இப்படத்தைச் சொல்ல முடியாது. பாத்திரங்கள் தட்டையானவை, நீதிபோதனை வெளிப்படையானது. ஆயினும் ஆணின் பொறுப்பைப் பெண்ணின் மாயமாக மாற்றிச் சொல்லும் கதைமரபு எவ்வாறு திரைக்கு வந்தது என்பதை அறிய இதைவிடத் தெளிவான சான்று அரிது. அந்த மரபின் ஓட்டைகளையும் இதே படம் காட்டிவிடுகிறது. தெருவில் முகம் திருப்பும் தந்தை, தங்கையின் கோபக் கேள்வி, தண்டனையற்ற முடிவு ஆகிய மூன்றும் அதன் சொந்த வாதத்துக்கு எதிராகவே நிற்கின்றன. தலைப்பு ஒரு வகையில் நேர்மையானது. அது பெண்ணைக் குறிக்கவில்லை, மூடனையே குறிக்கிறது.

அமெரிக்காவில் இப்படம் பொதுவுடைமையில் உள்ளது; இணையத்தில் முழுமையாகக் காணக் கிடைக்கிறது. திரைக்கலை பயிலும் மாணவர்கள் இதை இருமுறை பார்ப்பது பயனளிக்கும். முதல்முறை எழுத்து அட்டைகளைப் படித்தபடி பார்க்கலாம். இரண்டாம் முறை அட்டைகளை விட்டுவிட்டு, ஒவ்வொரு காட்சியிலும் யார் என்ன செய்கிறார்கள் என்பதை மட்டும் குறித்துக்கொண்டு பார்க்கலாம். இரு குறிப்புகளையும் அருகருகே வைத்தால் ஷைலரின் வீழ்ச்சிக்கு யார் காரணம் என்பதை அவர்களே முடிவு செய்துகொள்ளலாம்.